கதைக்குள் ஓர் எழுத்து மந்திர முறையைக் கட்டுவது எப்படி: முழுமையான வழிகாட்டி

மாயப் புனைகதை எழுத வருபவர்களில் பலர், மந்திரத்துக்கு ஒரு விலை இருக்க வேண்டும் என்பதை அறிந்தே வருகிறார்கள். அந்த விலை என்னவென்று கேட்டால், மந்திரவாதியின் உடல் தளரும், ஆயுள் குறையும் என்பதே பெரும்பாலும் விடையாகக் கிடைக்கிறது. குறிகளை எழுதிச் செய்யும் மந்திரத்துக்கு இப்படி வெளியிலிருந்து ஒரு விலையைக் கொண்டுவந்து ஒட்டத் தேவையில்லை என்பது என் கருத்து. எழுதுதல் என்னும் வேலைக்கு நேரமும் பழகிய கையும் பொருளும் வேண்டும். அதில் பிழை நேரும். எழுதியது பிறர் கண்ணில் படும். இவற்றையே விதிகளாக்கினால், வாசகர் தம் அனுபவத்தைக் கொண்டே மந்திரத்தின் வரம்புகளைப் புரிந்துகொள்வார்.

இதை விளக்குவதற்காக, ‘கீறல் வித்தை’ என்று பெயரிட்ட ஒரு கற்பனை முறையை இங்கே அடித்தளத்திலிருந்து கட்டிக் காட்டுகிறேன். அதைப் பயில்பவரை ‘ஏடாளர்’ என்று அழைப்போம். குறிகளும் விதிகளும் கற்பனை. அவற்றுக்கு அடியில் உள்ள எழுத்துப் பழக்கங்கள் உண்மையில் இருந்தவை. உங்கள் கதைக்கு வேறு பொருளும் வேறு குறிகளும் தேவைப்படலாம், ஆனால் முடிவுகளை எடுக்கும் வரிசையை மாற்றாமல் இருப்பது நல்லது.

படி 1: எதன்மேல் எழுதுவது?

குறிகளை வரைந்து பார்ப்பதிலிருந்தே பலரும் தொடங்குகிறார்கள். அது இன்பமான வேலைதான் என்றாலும், குறியின் வடிவத்தைத் தீர்மானிப்பதில் எழுதப்படும் பொருளுக்குப் பெரும் பங்கு உண்டு. வடக்கு ஐரோப்பிய ரூன் எழுத்துகளில் கிடைக்கோடுகள் அரிதாக இருப்பதற்கு, மரத்தின் நாரோட்டத்தோடு செதுக்கிய கோடு தெளிவாகத் தெரியாது என்பதைக் காரணமாகக் கூறுவார்கள். ஓலையில் நரம்புகள் நீளவாக்கில் ஓடுவதால், அதே போக்கில் அழுத்திக் கீறினால் ஓலை கிழியக்கூடும். தென்னிந்திய எழுத்துகள் வளைந்தும் உருண்டும் வளர்ந்ததற்கு இதை ஒரு காரணமாகச் சொல்வதுண்டு. கீறல் வித்தை ஓலைக்குரியது. ஆகவே அதன் குறிகளில் நேர்க்கோடு இல்லை, சுழிகளும் வளைவுகளுமே உண்டு.

பொருளைத் தீர்மானித்த பிறகு, அது எப்படி ஆயத்தமாகிறது என்பதைத் தேடி அறியுங்கள். பாதி விதிகள் அங்கேயே கிடைத்துவிடும். பனையோலையை நரம்பு நீக்கி, வேகவைத்து, உலர்த்தி, மெருகேற்றி, ஒரே அளவாக நறுக்கித் துளையிட்டுக் கயிற்றில் கோப்பார்கள். எழுத்தாணியால் கீறிய எழுத்து உடனே தெளிவாகத் தெரிவதில்லை. விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்த பிறகே, கீறலுக்குள் மை தங்கி எழுத்து துலங்கும். இந்த ஒரு செய்தியிலிருந்து கீறல் வித்தையின் முதல் விதி பிறக்கிறது: மையூட்டாத ஏடு எழுதியவர் கையில் மட்டும் வேலை செய்யும், மையூட்டிய ஏடு எவர் கையிலும் வேலை செய்யும். இந்த விதியால் மந்திரம் விற்பனைப் பொருளாகிறது, திருட்டுப் பொருளாகிறது, சான்றுப் பொருளும் ஆகிறது. ஒருவர் தம் ஏட்டுக்கு மையூட்ட மறுப்பதே கதையில் ஒரு நிகழ்ச்சியாகிவிடும்.

நிலைப்பையும் பொருளே முடிவு செய்யட்டும். வாசலில் இட்ட மாக்கோலம் எறும்பும் காலடியும் அழிக்கும்வரை நிற்கும். நன்கு பேணிய ஓலை சில நூற்றாண்டுகள் தாங்கும். பேணாத ஓலையைக் கறையானும் பூச்சியும் விரைவில் தின்றுவிடும். செப்பேடு அதையும் தாண்டி வாழும். முதலாம் இராசேந்திர சோழன் காலத்துத் திருவாலங்காட்டுச் செப்பேடுகள் 31 ஏடுகளாக, சோழ முத்திரை பொறித்த வளையத்தில் கோக்கப்பட்டவை. ஏடுகளை உருவவோ செருகவோ வேண்டுமானால் வளையத்தை வெட்டியாக வேண்டும். கீறல் வித்தையில் செப்பேட்டு மந்திரம் வளையம் முழுதாக இருக்கும்வரை நடக்கும், வளையத்தை அறுத்தால் நின்றுவிடும். ஓர் அரச குடும்பத்தின் பாதுகாப்பு முழுவதும் ஒரே வளையத்தில் தொங்குகிறது என்றால், பகைவர் எதைத் தேடி வருவார்கள் என்பதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

படி 2: குறிகளின் எண்ணிக்கையை அடக்குங்கள்

நூற்றுக்கணக்கான குறிகளை உருவாக்கிப் பட்டியலிடுவதால் முறை ஆழமாகிவிடாது. வாசகர் அவற்றை நினைவில் வைக்கமாட்டார். மூன்றாம் அத்தியாயத்துக்குள் எழுதுபவரே மறந்துவிடுவார். தமிழ் நெடுங்கணக்கு இதற்கு நல்ல வழி காட்டுகிறது. உயிர் 12, மெய் 18, ஆய்தம் 1 ஆகிய 31 எழுத்துகளும், உயிரும் மெய்யும் சேர்ந்து பிறக்கும் 216 உயிர்மெய்களும் கூடி 247 ஆகின்றன. சிறிய அடிப்படையும் அதன் சேர்க்கையும் என்ற இதே அமைப்பைக் கையாளுங்கள்.

கீறல் வித்தையில் இரண்டு வகைக் குறிகள் உண்டு. பொருட்குறிகள் ஒன்பது: நீர், நெருப்பு, காற்று, மண், இரும்பு, வித்து, ஒலி, நிழல், உறக்கம். ஏவற்குறிகள் எட்டு: திற, அடை, நிறுத்து, நகர்த்து, மறை, காட்டு, சேர், பிரி. ஒரு பொருளோடு ஓர் ஏவலைச் சேர்த்தால் ஒரு கட்டளை. ஆக மொத்தம் 72 கட்டளைகள். எட்டு என்ற எண்ணிக்கையைத் தமிழ் மாந்திரிக மரபின் அட்டகர்மங்களிலிருந்து எடுத்தேன், ஆனால் அந்தப் பட்டியலை அப்படியே எடுக்கவில்லை. வசியம், மோகனம், தம்பனம், உச்சாடனம், மாரணம் என்று செல்லும் அவ்வரிசை பெரும்பாலும் மனிதரை அடக்குவதையும் விரட்டுவதையும் அழிப்பதையும் பற்றியது. அதைக் கொண்டு கட்டினால் கதை பகை தீர்க்கும் செய்வினைக் கதையாக மட்டுமே குறுகிவிடும்.

72 கட்டளைகளில் சில உடனே விளங்கும்: நீரை நிறுத்து, இரும்பைப் பிரி, ஒலியை மறை. சில விளங்காது. நிழலைத் திறந்தால் என்ன ஆகும்? உறக்கத்தை நகர்த்தினால் அது எங்கே போகும்? விளங்காத சேர்க்கைகளுக்கு உங்கள் குறிப்பேட்டில் விடை எழுதி வையுங்கள், ஆனால் கதையில் வரும் ஏடாளர்களுக்கு அவற்றுள் சில தெரியாமலே இருக்கட்டும். முறையின் எல்லையைக் கடக்காமல் புதுமை காட்டுவதற்கு இந்தக் காலியிடங்களே உதவும். எந்தக் குறி இல்லை என்பதையும் சேர்த்துத் தீர்மானியுங்கள். கீறல் வித்தையில் உயிருக்குக் குறி இல்லை, பொன்னுக்கும் இல்லை.

படி 3: இலக்கைச் சொல்லும் முறை

‘நீரை நிறுத்து’ என்றால் எந்த நீரை? இந்தக் கேள்விக்கு விடையில்லாத மந்திர முறைகளே கதையின் நடுவில் உடைகின்றன. இங்கிலாந்தின் பாத் நகரில், ரோமானியர் காலத்துச் சூலிஸ் மினெர்வா தெய்வத்தின் வெந்நீர் ஊற்றிலிருந்து ஏறத்தாழ 130 சாபத் தகடுகள் கிடைத்துள்ளன. ஈயமும் தகரமும் கலந்த மெல்லிய தகட்டில் கீறி, மடித்து, ஊற்றில் போட்டவை அவை. மேலாடை திருடு போனது, காசு திருடு போனது போன்ற முறையீடுகளே அவற்றில் மிகுதி. திருடன் யாரென்று தெரியாததால், ஆணோ பெண்ணோ, அடிமையோ அடிமையல்லாதவரோ என்று எல்லா வகையினரையும் அடுக்கி, தப்ப இடமில்லாதபடி எழுதியிருக்கிறார்கள். ஓர் ஆவண எழுத்தரின் எச்சரிக்கை அதில் தெரிகிறது. மந்திரமும் ஒருவகைச் சட்ட ஆவணம்தான் என்று அந்த மக்கள் கருதியிருக்க வேண்டும்.

கீறல் வித்தையில் இலக்கை இரண்டு வழிகளில் மட்டுமே சொல்லலாம். ஏடு தொட்டுக்கொண்டிருக்கும் பொருள் இலக்காகும், அல்லது கோடிட்டு முழுதாக மூடிய எல்லைக்குள் இருப்பது இலக்காகும். பெயரைச் சொல்லித் தொலைவிலுள்ளவரைப் பிடிக்கும் வழியை வேண்டுமென்றே விலக்கியிருக்கிறேன்; அதை அனுமதித்தால் கதாபாத்திரங்கள் ஒருவரையொருவர் நேரில் சந்திக்க வேண்டிய தேவையே போய்விடும். எல்லையிடும் வழிக்குச் சிக்குக் கோலம் நல்ல மாதிரி. புள்ளிகளைத் தொடாமல் அவற்றைச் சுற்றிச் சுற்றி வந்து, தொடங்கிய இடத்திலேயே முடியும் இழை அது. ஓர் இடத்தில் இழை அறுந்திருந்தாலும் எல்லை எல்லையாகாது.

இன்னொரு வரம்பும் வேண்டும்: மந்திரம் தோலைத் தாண்டாது. இது இல்லாவிட்டால், நீரை நிறுத்து என்ற ஏட்டை ஒருவரின் மார்பில் வைத்துக் குருதியை நிறுத்திவிடலாமே என்று கூர்மையான வாசகர் கேட்பார். தாண்டுவதற்கு ஒரே ஒரு வழியை மட்டும் திறந்து வையுங்கள். பண்டை எகிப்தில், ஓரசு (ஹோரஸ்) தெய்வத்தின் உருவமும் மந்திரங்களும் செதுக்கிய கற்பலகைமேல் நீரை ஊற்றி, எழுத்தில் பட்டு வழிந்த அந்நீரைப் பாம்புக் கடிக்கும் தேள் கொட்டுக்கும் மருந்தாகக் குடித்தார்கள். சீனத்தின் தாவோ மரபில் குறி எழுதிய தாளை எரித்து, சாம்பலை நீரில் கலந்து குடிக்கும் வழக்கம் உண்டு. கீறல் வித்தையிலும் எழுத்தில் வழிந்த நீரைக் குடித்தால் மட்டுமே மந்திரம் உடலுக்குள் செல்லும். மருத்துவம் இதனால் இயலும், ஆனால் நோயாளி குடித்தாக வேண்டும். நஞ்சூட்டுவதும் இயலும், ஆனால் குடிக்கவைக்க வேண்டும்.

படி 4: மந்திரம் எந்தக் கணத்தில் விழிக்கிறது?

முறை முழுவதும் இந்த ஒரு முடிவைத்தான் சார்ந்திருக்கிறது. எழுதி முடித்தவுடன் மந்திரம் நடந்துவிடும் என்றால், முன்கூட்டி எழுதிச் சேர்த்து வைக்க முடியாது. எப்போது வேண்டுமானாலும் நடக்கும் என்றால், நாயகன் ஒரு மூட்டை ஏடுகளோடு வந்து எல்லாச் சிக்கலையும் தீர்த்துவிடுவான். இரண்டுக்கும் இடைப்பட்ட ஒரு செயல் வேண்டும். அதைத் தமிழ் ஓலைச்சுவடியே தருகிறது.

மெய்யெழுத்து புள்ளி பெறும் என்றும், குறிலான எகரமும் ஒகரமும் அவ்வாறே புள்ளி பெறும் (நெடிலுக்குப் புள்ளி இல்லை) என்றும் தொல்காப்பியம் வகுத்திருக்கிறது. நடைமுறையில், ஓலையில் எழுதியவர்கள் புள்ளியைப் பெரும்பாலும் இடவில்லை. எழுத்தாணியின் கூர்முனையால் புள்ளி குத்தினால் ஓலை துளைபடும் என்பது அதற்குப் பொதுவாகச் சொல்லப்படும் காரணம். அதனால் சுவடியில் ‘எரி’ என்பதும் ‘ஏரி’ என்பதும் ஒரே வடிவமாக நிற்கும். நெருப்பா, நீர்நிலையா என்பதைப் படிப்பவர் இடம் பார்த்து முடிவு செய்ய வேண்டும். வீரமாமுனிவர் 18-ஆம் நூற்றாண்டில் நெடிலுக்கு வேறு வடிவம் தந்த பிறகும் பழைய சுவடிகள் பழையபடியே இருந்தன, உ.வே.சாமிநாதையர் போன்ற பதிப்பாசிரியர்கள் புள்ளியில்லாத ஏடுகளோடு பட்ட பாடு தமிழ்ப் பதிப்பு வரலாற்றில் பெரிய பகுதி. பதிப்பாசிரியருக்குத் தலைவலியாக இருந்தது புனைகதை எழுதுபவருக்குப் புதையல்.

கீறல் வித்தையில் எல்லா ஏடுகளும் புள்ளியில்லாமலே எழுதப்படும். புள்ளியில்லாத ஏடு ‘உறங்கும் ஏடு’. பொருட்குறியில் ஒரே ஒரு புள்ளி இட்டவுடன் அது விழிக்கும். அத்துடன், பொருட்குறிகள் இரண்டிரண்டாக ஒரே வடிவத்தைப் பகிர்கின்றன: நீரும் நெருப்பும் ஒரு வடிவம், காற்றும் மண்ணும் ஒரு வடிவம், இரும்பும் வித்தும் ஒரு வடிவம், ஒலியும் நிழலும் ஒரு வடிவம். குறியின் மேலே புள்ளி இட்டால் ஒன்று, சுழிக்குள் இட்டால் மற்றொன்று. உறக்கம் மட்டும் தனி வடிவம். ஆக, மாணவர் பயில வேண்டியவை 13 வடிவங்கள்தாம்.

இந்த விதியிலிருந்து கிடைப்பவற்றைக் கவனியுங்கள். எழுதியவர் நினைத்ததும் புள்ளியிடுபவர் செய்வதும் வேறாகலாம். கிணற்றில் ஊற்றைத் திறப்பதற்காக எழுதிய ஏடு, சுழிக்குள் விழ வேண்டிய புள்ளி மேலே விழுந்தால் நெருப்பைத் திறக்கும். அழுத்தம் கூடினால் ஓலை கிழிந்து ஏடு வீணாகும்; குறைந்தால் புள்ளி விழாது. ஓடிக்கொண்டோ நடுங்கிக்கொண்டோ இருட்டிலோ புள்ளியிடுவது எத்தனை ஆபத்தானது என்பதை வாசகர் தாமே உணர்வார். கைப்பற்றிய பகைவரின் சுவடியைப் பார்த்து, அவர்கள் நீரை எண்ணினார்களா நெருப்பை எண்ணினார்களா என்று ஒரு குழு இரவெல்லாம் வாதிடும் காட்சியும் இதிலிருந்து இயல்பாகக் கிடைக்கும்.

படி 5: கால அளவு

இதில் அதிகம் மெனக்கெட வேண்டாம். தமிழ் இலக்கணத்தில் குறில் ஒரு மாத்திரை, நெடில் இரண்டு, மெய் அரை. மாத்திரை என்பது இயல்பாகக் கண்ணிமைக்கும் அல்லது கைந்நொடிக்கும் நேரம். கீறல் வித்தையில் ஏவற்குறியின் வால் குட்டையாக இருந்தால் ஒரு நாழிகையும், நீண்டால் இரண்டு நாழிகையும் மந்திரம் நிற்கும். ஒரு நாழிகை 24 நிமிடம் என்பதால், ஒரு காட்சிக்குப் போதுமான நேரம் கிடைத்துவிடுகிறது. செப்பேட்டுக்கும் மாக்கோலத்துக்கும் இக்கணக்கு பொருந்தாது; அவை படி 1-இல் கூறியபடி நடக்கும்.

படி 6: எழுதுபவருக்கு உள்ள ஆபத்து

எகிப்தின் சக்காராவில், உனாசு மன்னனின் பிரமிடிலும் அதன்பின் வந்த பிரமிடுகளிலும் கல்லறைச் சுவர்களில் செதுக்கிய மந்திரங்களில், மனிதர், விலங்கு ஆகியவற்றின் வடிவிலான எழுத்துகள் பல இடங்களில் முழுமையின்றி உள்ளன. சில வெட்டுண்டும் சில உடல் இல்லாமலும் இருக்கின்றன. சித்திர எழுத்து உயிர்பெற்று இறந்த மன்னனுக்குத் தீங்கு செய்துவிடும் என்ற அச்சமே காரணம் என்று ஆய்வாளர்கள் விளக்குகிறார்கள். எழுத்துக்கு ஆற்றல் உண்டு என்று மெய்யாகவே நம்பிய ஒரு சமூகம் எழுதும்போது எப்படி நடந்துகொள்ளும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று கிடைப்பது அரிது. உங்கள் கற்பனை முறையிலும் இத்தகைய அச்சத்தின் தடயம் வேண்டும்.

கீறல் வித்தையில் நீர்-நெருப்பு வடிவத்தின் கடைசிச் சுழியை மூடாமல் விட்டுத்தான் சுவடிக்கட்டில் வைப்பார்கள். ஏட்டில் பூச்சி துளைத்த ஓட்டை புள்ளியாகவே கொள்ளப்படும் என்பது இதற்குப் பின்னுள்ள விதி. மூடிய சுழியுள்ள ஏட்டில் ஒரு பூச்சி தவறான இடத்தில் துளைத்தால் சுவடிச்சாலையே எரிந்துபோகலாம். அதனால்தான் ஏடாளர்கள் வேப்பிலையும் வசம்பும் வைத்துச் சுவடிகளைக் காக்கிறார்கள். சுவடிகளுக்குப் பூச்சி விரட்ட இவற்றைப் பயன்படுத்துவது மந்திரம் இல்லாத நம் உலகிலும் இருந்த வழக்கமே. ஓலையில் கீறியதை அழித்துத் திருத்த முடியாது என்பதும் நினைவில் இருக்கட்டும். பிழையான ஏட்டை என்ன செய்வது? எரித்தால் நெருப்பு அதில் ஓட்டை போடும். ஆகவே ஆற்றில் விடுவதே முறை. ஆற்றின் கீழ்க்கரையில் வாழும் மக்களுக்கு இது பற்றி ஒரு கருத்து இருக்கும். அவர்களையும் கதைக்குள் கொண்டுவாருங்கள்.

படி 7: கற்கும் வழி

திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் முதலில் மணலில் விரலால் எழுதிப் பழகி, கை தேறிய பிறகே ஓலைக்கு வந்தார்கள். ஏடாளரின் மாணவருக்கும் அதே வரிசைதான். ஓலையில் எழுதும்போது இடக்கை ஓலையைப் பிடித்திருக்க, அதன் பெருவிரல் எழுத்தாணியை அணைத்து நகர்த்தும். வலக்கை எழுத்தாணியைப் பற்றியிருக்கும். இரண்டு கைகளும் வேலையில் இருப்பதால் ஏடாளரால் எழுதும்போது வாளையோ கேடயத்தையோ ஏந்த முடியாது. பக்கத்தில் நம்பத்தக்க ஒருவர் வேண்டும். பெருவிரலில் காய்ப்பு ஏறியிருப்பதால், மாறுவேடம் பூண்ட ஏடாளரையும் கை பார்த்துக் கண்டுபிடிக்கலாம். பயிற்சி எத்தனை ஆண்டு என்று எண்ணிக்கை சொல்வதைவிட இத்தகைய உடல் அடையாளங்கள் நன்றாக வேலை செய்யும்.

படி 8: படியெடுத்தலும் அச்சும்

எழுத்து மந்திரம் உள்ள உலகில் அச்சு வந்தால் என்ன ஆகும் என்ற கேள்வியைத் தள்ளிப்போடாதீர்கள். தமிழில் ‘தம்பிரான் வணக்கம்’ 1578-இல் கொல்லத்தில் அச்சானது. 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தரங்கம்பாடியில் அச்சகம் நடந்தது. ஓலையும் அச்சும் நெடுங்காலம் ஒன்றாகவே வாழ்ந்தன என்பதால், உங்கள் கதையிலும் இரண்டும் ஒரே தெருவில் இருக்கலாம். அச்சிட்ட குறி செல்லாது என்று ஒரே வரியில் முடித்துவிடுவது எளிது, ஆனால் அது வாய்ப்பை வீணாக்குவதாகும். கீறல் வித்தையில் அச்சிட்ட குறியும் செல்லும்; புள்ளி மட்டும் கையால் குத்தப்பட வேண்டும். அப்படியானால் உறங்கும் தாள்களைக் கட்டுக்கட்டாக வாங்கி, வீட்டிலுள்ள ஊசியால் எவரும் புள்ளியிடலாம். ஏடாளர் குடும்பங்களின் பிழைப்பு சரியும், அரசு அச்சகங்களுக்கு முத்திரை வரி போடும், மேலே எது உள்ளே எது என்று அறியாதவர்களின் கூரைகள் எரியும். இதுவே தனி நாவலுக்குப் போதும்.

படி 9: மூன்று பேரை உள்ளே விட்டுப் பாருங்கள்

விதிகளை ஒரே பக்கத்தில் எழுதி முடித்த பிறகு, ஒரு திருடன், ஒரு வணிகர், ஓர் அரசர் ஆகிய மூவரிடமும் அந்தப் பக்கத்தைக் கொடுத்ததாக எண்ணிக்கொள்ளுங்கள். திருடன் இரும்பைத் திறக்கும் ஏட்டைப் பூட்டில் வைப்பான்; ஆகவே இந்த உலகில் மதிப்புள்ள பெட்டிகளுக்கு மரத் தாழ்ப்பாளே இருக்கும். வணிகர் ‘வித்து’க் குறியை ‘நிறுத்து’ என்பதோடு சேர்த்து, தானியம் முளைக்காமல் கிடங்கில் காப்பார். அரசருக்கு ஒலியை மறைக்கும் ஏடு ஆலோசனை மண்டபத்துக்குத் தேவைப்படும். அதே ஏடு கொலைகாரனுக்கும் தேவைப்படும். இவர்களுள் ஒருவர் ஒரே நாளில் உலகை வென்றுவிட முடியுமானால், படி 3-க்குத் திரும்பி இலக்கு விதியை இன்னும் குறுக்குங்கள். குறிகளைக் குறைப்பதைவிட இலக்கைக் குறுக்குவதே பெரும்பாலும் சரியான மருந்து.

படி 10: விதிகளைக் கதைக்குள் இறக்குதல்

ஆசிரியர் பாடம் நடத்துவதுபோல் விதிகளை முதல் அத்தியாயத்திலேயே ஒப்பிக்க வேண்டாம். ஒவ்வொரு விதியும் முதலில் ஒருவருக்குத் தொல்லை தருவதாகவும், பின்னர் மற்றொருவருக்கு உதவுவதாகவும் வரட்டும். பூச்சித் துளை விதியை எடுத்துக்கொண்டால், தொடக்கத்தில் ஒரு சிறுமி வசம்பு வைக்க மறந்து அடி வாங்கலாம். நடுவில் ஒரு சுவடிச்சாலை எரியலாம். இறுதியில் சிறையில் எழுத்தாணியில்லாமல் இருக்கும் அதே பெண், பூச்சியரித்த ஓர் ஏட்டில் ஓட்டை விழப்போகும் இடத்தைக் கணித்துக் காத்திருக்கலாம். தீர்வு வரும்போது வாசகருக்கு அதன் எல்லாப் பகுதிகளும் முன்பே தெரிந்திருக்க வேண்டும்.

குறிகளைப் படமாக வரைந்து நூலில் சேர்க்க விரும்பினால் எல்லாவற்றையும் சேர்க்க வேண்டாம். நீர்-நெருப்பு வடிவத்தைப் புள்ளியில்லாமல் ஒரு முறையும், மேலே புள்ளியோடு ஒரு முறையும், சுழிக்குள் புள்ளியோடு ஒரு முறையும் காட்டினால் போதும். அந்த மூன்று படங்களையும் சுவடிச்சாலை எரியும் அத்தியாயத்துக்கு முன்பே வைத்துவிடுங்கள்.